ஓய்வையும் ரூல் புக்ல எழுதுங்க

1/
டென்னிஸ்ல 40-40 வந்தா டியூஸ். அப்புறம் அட்வான்டேஜ். திரும்பவும் டியூஸ். ஒரே கேம் பத்து நிமிஷம் கூட இழுக்கும். இதைத் தூக்கிப் போட்டுட்டு, "40-40 ஆனா அடுத்த பாயின்ட் யாருக்கோ அவருக்கே கேம்"னு ஒரு கண்காட்சிப் போட்டியை நடத்தினார் சென்னையில் பிறந்த மகேஷ் பூபதி. பெயர் இன்டர்நேஷனல் பிரீமியர் டென்னிஸ் லீக், அதாவது ஐ.பி.டி.எல். ஆண்டு 2014.

டாக்டருக்கு இதில் என்ன வேலைன்னு கேட்பீங்க. இருக்கு. கொஞ்சம் நீளமான இழை. பொறுமையா படிங்க.

2/
முதல்ல விதிகளைப் பாருங்க. ஒரு ஆட்டத்தில் மொத்தம் 5 செட். ஆனா ஒரே ஆள் ஐந்தையும் ஆட மாட்டார். ஆண்கள் ஒற்றையர், பெண்கள் ஒற்றையர், ஆண்கள் இரட்டையர், கலப்பு இரட்டையர், முன்னாள் சாம்பியன்கள் ஒற்றையர் என்று ஆளுக்கு ஒரு செட். ஐந்து செட்டிலும் சேர்த்து எந்த அணி அதிக கேம் எடுத்ததோ அதுவே ஜெயித்தது.

சர்வீஸ் போட 20 விநாடி கடிகாரம். பயிற்சியாளர் டைம்-அவுட் கேட்கலாம். சோர்ந்து போனா மாற்று ஆட்டக்காரரை இறக்கலாம். இரண்டு மடங்கு மதிப்புள்ள 'பவர் பாயின்ட்' வேற.

"இது டென்னிஸா, சர்க்கஸா?"னு அப்பவே நிறைய பேர் கிண்டல் பண்ணாங்க. 2016-க்குப் பிறகு அந்த லீக் நடக்கவும் இல்லை.

3/
என் கருத்தை நேரா சொல்லிடறேன். விதியைச் சுருக்கினது தப்பே இல்லை. மனித உடம்பைப் பொறுத்தவரை அது நியாயமான யோசனை.

'பாரம்பரிய' விதிகள் உடம்பை என்ன பண்ணும்னு பாருங்க. 1969 விம்பிள்டன். பான்சோ கொன்சாலஸுக்கு வயது 41. சார்லி பசரெலுடன் 5 மணி 12 நிமிடம், 112 கேம். முதல் செட்டே 22-24. அப்போ டை-பிரேக் கிடையாது.

2010 விம்பிள்டன். ஜான் இஸ்னர், நிகோலா மாஹு. மூன்று நாட்களில் 11 மணி 5 நிமிடம். கடைசி செட் 70-68. இஸ்னர் ஜெயித்தார். மறுநாளே அடுத்த சுற்று. அதில் 6-0, 6-3, 6-2 என்று தோற்றார். அந்தத் தோல்வி அவர் திறமையைப் பத்தி எதையும் சொல்லலைங்க. ஓய்வு கிடைக்காத உடம்பைப் பத்தித்தான் சொல்லுது.

4/
இப்போ நாம சாதாரணமா பார்க்கிற டை-பிரேக் எங்கிருந்து வந்தது? அமெரிக்காவின் நியூபோர்ட்டில் ஜிம்மி வான் ஆலன் என்பவர், ஆட்டம் முடிவே இல்லாம போகுதுன்னு விதியை மாத்தி மாத்திச் சோதிச்சுப் பார்த்தார். 1965-ல் அங்கே தொழில்முறை ஆட்டக்காரர்களை வைத்து அந்த விதிகளில் போட்டியே நடத்தினார். 1970-ல் யு.எஸ். ஓபன் டை-பிரேக்கை ஏற்றது. அடுத்த ஆண்டு விம்பிள்டன். ஐந்தாவது செட்டுக்கும் டை-பிரேக் வேணும்னு நான்கு கிராண்ட்ஸ்லாமும் ஒரே விதிக்கு வந்தது 2022-ல் தான்.

சர்வீஸ் கடிகாரம் 2018-ல் யு.எஸ். ஓபன் பிரதான சுற்றுக்கே வந்துவிட்டது. அங்கே 25 விநாடி.

மருந்துக்கு கிளினிக்கல் டிரயல் மாதிரி, விளையாட்டுக்கு இந்தக் கண்காட்சிப் போட்டிகள். பத்தில் எட்டு யோசனை தேறாது. தேறுகிற இரண்டு பின்னாடி எல்லாரையும் காப்பாத்தும்.

5/
சரி, அப்போ ஐ.பி.டி.எல்-ல குறையே இல்லையா? இருக்கு. மருந்து சரி, கொடுத்த நேரம் தப்பு.

டென்னிஸ் வீரர்களுக்கு ஆண்டில் கிடைக்கும் நீண்ட ஓய்வு நவம்பர் கடைசியும் டிசம்பரும் தான். லீக் நடந்ததும் அப்போதான். 2014 நவம்பர் 16: முதுகுவலியால் ஏ.டி.பி. ஃபைனல்ஸ் இறுதி ஆட்டத்தில் இருந்து ரோஜர் ஃபெடரர் விலகினார். எதிரே ஜோகோவிச். அடுத்த வாரமே டேவிஸ் கோப்பை இறுதி. டிசம்பர் 8-ல் டெல்லியில் அதே ஜோகோவிச்சுடன் ஆடி 6-5 என ஜெயித்தார். லீக் டிசம்பர் 13-ல் முடிந்தது. ஜனவரி 5-ல் நுங்கம்பாக்கத்தில் சென்னை ஓபன் ஆரம்பம். எல்லாரும் எல்லா ஊருக்கும் போகலைதான். ஆனாலும் காலண்டரைப் பாருங்க, இடைவெளி எங்கே?

6/
கொஞ்சம் மருத்துவம். கடுமையா ஆடினதும் தசைநாரில் முதல் ஒரு நாள், ஒன்றரை நாள் சிதைவுதான் அதிகம். கட்டுமானம் அதற்குப் பிறகுதான் முந்தும். அந்த இடைவெளி கிடைக்காம திரும்பத் திரும்ப அதே தோள், அதே முழங்கை, அதே குதிகாலுக்கு வேலை கொடுத்தா சின்னச் சின்னச் சேதம் சேர்ந்து தீராத வலியாகும்.

ஆட்டத்தைச் சுருக்கினா அடிகளின் எண்ணிக்கை குறையும். ஒவ்வொரு அடியின் வேகம் குறையாது. அதனால சின்ன ஆட்டம் மட்டும் போதாது, நடுவே ஓய்வும் வேணும்.

7/
இப்போ நம்ம ஊருக்கு வருவோம். செய்யூர் பக்கம் டென்னிஸ் கோர்ட்டைத் தேடித்தான் பார்க்கணும். ஆனா டென்னிஸ் பால் இல்லாத கிராமம் இல்லை. மே மாசம் ஆனா போதும், ஈ.சி.ஆர். ஓரக் கிராமங்களில் டென்னிஸ் பால் கிரிக்கெட் டோர்னமென்ட் பேனர் கட்டிடுவாங்க.

நம்ம பசங்க விதியை மாத்துறதுல மகேஷ் பூபதிக்கே பாடம் எடுப்பாங்க. ஆறு ஓவர் மேட்ச், ஒன் பிட்ச் கேட்ச், அந்தப் பக்கம் போனா டூ டிக்ளேர். இடத்துக்கும் நேரத்துக்கும் ஏத்த மாதிரி ரூல் புக்கை அவங்களே எழுதுறாங்க.

ஆனா அதில் ஒரு வரி மட்டும் இருக்காது. ஓய்வு. காலையில் ஆரம்பிச்சா உச்சி வெயிலிலும் மேட்ச் ஓடும். ஜெயிக்கிற டீம் ஒரே நாளில் நான்கு மேட்ச் ஆடும்.

8/
கடலோரம் காத்து அடிக்குதே, அப்புறம் என்னன்னு நினைக்காதீங்க. ஈரப்பதம் அதிகமா இருந்தா வியர்வை ஆவியாகாது. ஆவியாகலைன்னா உடம்பு குளிராது. 2024-ல் தமிழக அரசு வெப்ப அலையை மாநிலப் பேரிடராகவே அறிவிச்சிருக்கு.

டோர்னமென்ட் நடத்துற தம்பிகளுக்கு என் வேண்டுகோள் இதுதான்.

• 11 மணியிலிருந்து 4 மணி வரை மேட்ச் வேண்டாம். லைட் போட்டு ராத்திரி வைங்க.
• ஒரு இன்னிங்ஸுக்கு ஒரு தண்ணி பிரேக் கட்டாயம். ஓ.ஆர்.எஸ். பாக்கெட்டை ஒரு லிட்டர் தண்ணியில் கலக்கி வைங்க.
• ஒரு டீமுக்கு ஒரு நாளைக்கு இரண்டு மேட்ச்தான்.
• சோர்ந்தவனுக்குப் பதில் இன்னொருத்தனை இறக்கலாம்னு விதி வைங்க. "வெளியே போனா தோத்துடுவோம்"னு பயந்து யாரும் நிக்கக் கூடாது.

9/
ஆடிக்கிட்டிருந்த பையன் உளறினாலோ, தள்ளாடினாலோ, மயங்கினாலோ அது ஹீட் ஸ்ட்ரோக்னே எடுத்துக்கோங்க. வியர்வை கொட்டுதே, அதனால இருக்காதுன்னு ஏமாறாதீங்க. உடனே நிழலுக்குக் கொண்டு போய், உடம்பு முழுக்கத் தண்ணி ஊத்தி, விசிறுங்க. 108-க்குப் போன் பண்ணுங்க. நினைவு தெளிவா இல்லாதவர் வாயில் தண்ணி ஊத்தாதீங்க. ஆம்புலன்ஸ் வர்ற வரை குளிர்விப்பதை நிறுத்தாதீங்க.

10/
கோடிகள் புரளும் போட்டியிலேயே டைம்-அவுட்டையும் மாற்று ஆட்டக்காரரையும் விதியாத்தான் எழுதி வச்சாங்க. "பசங்க பார்த்துக்குவாங்க"னு விடலை. ஏன்னா ஆடுறவன் தானா நிறுத்த மாட்டான். கூட்டம் கத்தும்போது எவனும் நிறுத்த மாட்டான்.

அடுத்த டோர்னமென்ட் நோட்டீஸ் அடிக்கும்போது, நுழைவுக் கட்டணத்துக்கும் பரிசுத் தொகைக்கும் கீழே "தண்ணி பிரேக் உண்டு, மதியம் மேட்ச் இல்லை"ன்னு ஒரு வரி சேருங்க. உங்க ஊர் கமிட்டியில் யாராவது இருந்தா இந்த இழையை அவங்களுக்கு அனுப்புங்க.


ஒரு அரசு மருத்துவர், செய்யூர்