எங்கட ஊரைச் சுற்றி ஒரு நடை



சென்ற மாதம் எங்கள் குழுப் பெண்கள் பதினொரு பேருடன் மானிப்பாயைக் கால்நடையாகச் சுற்றிப் பார்த்தேன். "எங்கட ஊரில பார்க்க என்ன கிடக்கு?" என்று முதலில் சிரித்தார்கள்.

மருதடி விநாயகரைக் கும்பிட்டுத் தொடங்கினோம். வழிகாட்டி நான்தான். கிறீன் ஞாபகார்த்த வைத்தியசாலை வாசலில், அமெரிக்க மிசனரி வைத்தியர் சாமுவேல் கிறீன் 1848இல் இங்கு பணி தொடங்கியதையும், எங்கள் இளைஞருக்குத் தமிழிலேயே மேலைத்தேய வைத்தியம் கற்பித்ததையும், பிரசவ வைத்திய நூலைக்கூடத் தமிழாக்கியதையும் சொன்னேன். 1884இல் அமெரிக்காவில் இறந்த அவரது கல்லறையிலும் தமிழரின் பெயர் பொறிக்கப்பட்டிருக்கிறது.

அப்போது ஓர் அக்கா கேற்றைப் பிடித்தபடி நின்றுவிட்டார். அவரது மூத்த மகன் பிறந்தது அங்கேதான். 2008இல் காணாமற்போனவன்.

"இதால பஸ் போகேக்க மற்றப் பக்கம் திரும்பி இருப்பன், தங்கச்சி."

நான் அடுத்த இடத்துக்கு அவசரப்பட்டேன். நேர அட்டவணை போட்டுப் பழகிய புத்தி! மற்றவர்கள் அசையவில்லை. அக்கா மெல்லக் கதைக்கத் தொடங்கினார். தான் படுத்திருந்த வாட்டு, தாயார் கொண்டுவந்த சரக்குக்கறி, 1995 ஒக்டோபர் 30 இரவு அந்தப் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு மழைக்குள் நடந்தது... என் குறிப்புக் கொப்பியை மூடிவிட்டேன்.

திரும்பும்போது இன்னொருவர், "அடுத்த முறை எங்கட ஒழுங்கையாலயும் போவம். நான் காட்டுறன்" என்றார். நாளும் குறித்தாயிற்று.