பேர் போட்ட கற்கள்

சென்னை ஜார்ஜ் டவுனில், உயர் நீதிமன்றத்துக்குக் கொஞ்சம் தள்ளி, ஆர்மீனியர் கட்டிய மாதா கோயில் ஒன்று இருக்கிறது. ஞாயிறு காலை ஒன்பதரைக்கு அதன் மணிக்கூண்டில் மணி அடிக்கும். அந்தச் சத்தம் கேட்டு யாரும் பூசைக்கு வரமாட்டார்கள். வர ஆளில்லை. சென்னையில் ஆர்மீனியச் சமூகம் என்று ஒன்று இப்போது கிடையாது. கொல்கத்தாவில் மிஞ்சியிருக்கிற சிறு கூட்டத்தின் திருச்சபைக் குழுதான் பராமரிப்பைப் பார்க்கிறது. வேலைக்கு இருக்கிறவர்கள் முற்றத்தைக் கூட்டுகிறார்கள், மணி அடிக்கிறார்கள், கதவைச் சாத்துகிறார்கள்.

ஒரு கல்யாணத்துக்காகச் சென்னை போயிருந்தேன். வீட்டார் தி.நகரில் புடைவைக் கடைக்குள் நுழைந்ததும் நான் நழுவிவிட்டேன். ஆட்டோக்காரரிடம் ஆர்மீனியன் தெரு என்றேன். "அரண்மனைக்காரத் தெருன்னு சொல்லுங்க சார்" என்றார். அங்கே அரண்மனை எதுவும் இருந்ததில்லை. வெள்ளைக்காரன் வைத்த பேரை ஊர் வாய் தன் இஷ்டத்துக்குத் திருத்திக்கொண்டது, அவ்வளவுதான்.

முதல் கோயில் 1712இல் எழும்பியது. இப்போது நிற்பது 1772இல் அவர்களுடைய இடுகாட்டிலேயே கட்டியது. அதனால் உள்ளே போனால் முற்றம் முழுக்கக் கல்லறை. சுமார் 350 என்கிறார்கள். நட்டு வைத்த கற்கள் அல்ல, தரையோடு தரையாகப் பதித்த பலகைக் கற்கள். கவனமில்லாவிட்டால் யாரோ ஒருவருடைய பேர்மீதே மிதித்துக்கொண்டு நடப்போம். நம் இலங்கைப் பக்கத்து விகாரைகளில் நிற்குமே அரலியா மரம், அது அங்கேயும் நிற்கிறது. பூ உதிர்ந்து எழுத்துக் குழிகளில் கிடக்கிறது. எழுத்து ஆர்மீனிய எழுத்து, ஒன்றும் விளங்கவில்லை. ஆனாலும் இது ஒரு பேர், இது ஒரு வருஷம் என்பது தெரிந்துவிடுகிறது. வெட்டிய ஆழம் இரண்டு நூற்றாண்டு மழைக்கும் நின்றிருக்கிறது.

மணிக்கூண்டில் ஆறு மணிகள், வேறு வேறு காலத்தில் வார்த்தவை. 1837இல் லண்டனில் தாமஸ் மியர்ஸ் பட்டறையில் வார்த்தவை இரண்டு. 19 வயதில் இறந்துபோன எலியாசர் ஷாமியர் என்ற பையன் நினைவாக 1778இல் செய்தது ஒன்று. இன்னொன்றில் தமிழ் எழுத்துப் பொறித்திருப்பதாகப் படித்திருந்தேன். அதைப் பார்க்கத்தான் போனேன் என்றுகூடச் சொல்லலாம். மரப்படி பழசு, ஏற விடமாட்டோம் என்றுவிட்டார்கள். கீழே நின்று அண்ணாந்து பார்த்ததோடு சரி.

இவர்களில் எனக்குப் பிடித்த ஆள் கோஜா பெத்ரோஸ் உஸ்கான். 1726இல் சைதாப்பேட்டையில் அடையாற்றின் குறுக்கே சொந்தக் காசில் பாலம் கட்டிய வணிகர். பரங்கிமலைக்கு ஏறும் கற்படியும் அவர் போட்டதுதான். அந்தப் பாலம் இருந்த இடத்தில் இப்போது மறைமலை அடிகள் பாலம். ஆனால் ஆர்மீனியம், பாரசீகம், இலத்தீன் மூன்று மொழியிலும் அவர் வெட்டி வைத்த கல்வெட்டு ரோட்டோரத்தில், லொறிப் புகைக்கு நடுவில் இன்னும் நிற்கிறது. 1751இல் அவர் இறந்ததும் உடலை வேப்பேரியில் அடக்கம் செய்தார்கள். இதயத்தை மட்டும் ஒரு பெட்டியில் வைத்துப் பாரசீகத்தில் அவர் பிறந்த புது ஜுல்பாவுக்கு அனுப்பினார்கள்.

புது என்று சொன்னால் பழையது ஒன்று இருக்க வேண்டும். அராஸ் ஆற்றங்கரையில் இருந்தது பழைய ஜுல்பா. 1604, 1605 வாக்கில் பாரசீக மன்னர் முதலாம் ஷா அப்பாஸ் அந்த ஊரையே காலி செய்து, மக்களை இஸ்பகானுக்கு ஓட்டிக்கொண்டு போய்க் குடிவைத்தார். பட்டு வியாபாரம் தெரிந்த கைகள் அவருக்கு வேண்டியிருந்தன. அங்கிருந்துதான் சூரத், கல்கத்தா, சென்னை என்று கிளை பிரிந்தார்கள். ஒருவனுடைய தேவைக்காக ஒரு ஊரே இடம் பெயர்வது என்றால் என்னவென்று நமக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. இங்கே ஒப்புமையை நிறுத்திக்கொள்கிறேன். அவர்கள் கையில் முதல் இருந்தது, கப்பல் இருந்தது. நம் மலையகத்தவர் தோட்ட வேலைக்கு மண்டபம் முகாமைத் தாண்டி இலங்கைக்கு வரும்போது கழுத்தில் ஒரு தகர வில்லை இருந்தது. அதில் எந்தப் பகுதி, எந்தத் தோட்டம் என்பதற்கான அடையாள எண் அடித்திருக்கும். ஆளுடைய பேர் இருக்காது.

அச்சகத் தொழிலிலும் அவர்கள் பழைய ஆட்கள்தான். புது ஜுல்பாவிலிருந்து வந்த ஷாஹமிர் ஷாஹமிரியன் 1772இல் சென்னையில் ஆர்மீனிய அச்சகம் தொடங்கினார். உலகப் படத்தில் அப்போது இல்லாத ஒரு நாட்டுக்கு, நம் சென்னையில் உட்கார்ந்து அரசியலமைப்பு எழுதி அச்சடித்த மனுஷன் அவர். ஷிராஸிலிருந்து வந்த பாதிரியார் ஹாருத்யுன் ஷ்மாவோனியன் 1794 அக்டோபர் 16 அன்று 'அஸ்தரார்' என்ற பத்திரிகையை வெளியிட்டார். உலகத்திலேயே ஆர்மீனிய மொழியில் வந்த முதல் பத்திரிகை அதுதான். யெரெவானிலோ கொன்ஸ்தாந்திநோபிளிலோ வரவில்லை, சென்னையில் வந்தது. 18 இதழோடு 1796இல் நின்றும்போனது. சந்தாக்காரர்கள் எத்தனை பேர் இருந்திருப்பார்கள் என்று, பத்திரிகைக்கு எழுதுகிறவன் என்ற முறையில், எனக்கு ஓர் ஊகம் உண்டு. ஒரே வாரத்தில் இரண்டு பிள்ளைகளைப் பறிகொடுத்த மனிதர் ஷ்மாவோனியன். 1824இல் இறந்து, அதே கோயில் முற்றத்தில் கிடக்கிறார். நமக்கு நடேசய்யர் வாய்த்தார்: புடைவை வியாபாரி வேஷத்தில் தோட்டத்துக்குள் நுழைந்து நிலைமையைப் பார்த்துவந்து எழுதியவர். 1920களில் அவருடைய 'தேசநேசன்', 'தேசபக்தன்' வந்திருக்காவிட்டால் அந்தக் காலத்து லயத்தின் கதை துரைமார் எழுதிய கடிதங்களில் மட்டும்தான் மிஞ்சியிருக்கும்.

பழைய ஜுல்பாவின் இடுகாட்டில் சிலுவை செதுக்கிய கற்கள் ஆயிரக்கணக்கில் நின்றன. அந்த நிலம் இப்போது அசர்பைஜானின் நகிச்செவான் பகுதியில் இருக்கிறது. 2005 டிசம்பரில் மிஞ்சியிருந்த கற்களைச் சிப்பாய்கள் உடைத்து ஆற்றில் கொட்டுவதை எதிர்க்கரையான ஈரானிலிருந்து படம் பிடித்தார்கள். ஆகவே ஜுல்பாக்காரரின் பேரைக் கல்லில் தேடுகிறவர்கள் இன்று அராஸ் கரைக்குப் போய்ப் பயனில்லை. இஸ்பகானுக்கோ கொல்கத்தாவுக்கோ அரண்மனைக்காரத் தெருவுக்கோதான் வர வேண்டும். வருகிறார்கள். கையில் வழிகாட்டியும் இருக்கிறது. மெஸ்ரோவ்ப் சேத் என்ற கல்கத்தா ஆசிரியர் இடுகாடு இடுகாடாக அலைந்து கல்லெழுத்துகளைப் பெயர்த்தெழுதி 1937இல் இந்திய ஆர்மீனியர் வரலாற்றைத் தடித்த புத்தகமாகப் போட்டார்.

நம் ஊருக்கும் அப்படித் தேடி வருகிறவர்கள் உண்டு. தெமோதரை ஸ்டேஷனில் கோச்சி நின்றதும் குதித்து இறங்கி, பாதை வளைந்து ஸ்டேஷனுக்கே அடியில் சுரங்கத்தில் நுழைவதைப் படம் எடுக்கிற கூட்டத்தைச் சொல்லவில்லை. ஒன்பது வளைவுப் பாலத்துக்கு வருகிற கூட்டத்தையும் சொல்லவில்லை. வெள்ளைக்காரத் துரைமாரின் பேரப்பிள்ளைகளைச் சொல்கிறேன். பதுளை சென். மார்க்ஸ் கோயில் ஆயிரக்கணக்கில் யானை சுட்ட மேஜர் ரோஜர்ஸ் நினைவாகக் கட்டியது. 1845இல் ஹப்புத்தளையில் இடி விழுந்து செத்த ஆள். அவர் பேர் அங்கே கல்லில் இருக்கிறது. பென்றி லூயிஸ் என்ற சிவில் அதிகாரி 1913இல் இலங்கையில் இருக்கும் ஐரோப்பியர் கல்லறை எழுத்துகளையெல்லாம் தொகுத்துப் புத்தகமாக்கிவிட்டுப் போனார். தாத்தாவின் தாத்தாவைத் தேடி வருகிறவர் பக்கத்தைப் புரட்டுகிறார், வானைப் பிடிக்கிறார், பூ வைத்துவிட்டு மத்தியானச் சாப்பாட்டுக்கு எல்லவுக்குத் திரும்புகிறார்.

நீலகிரிக் கூடலூரிலிருந்து வந்த ஓர் அம்மாவுக்கு அப்படி ஒரு புத்தகம் இல்லை. சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தத்தில் இந்தியாவுக்குப் போகப் பேர் வந்து, எழுபதுகளில் ஒப்பாரிக் கோச்சி ஏறித் தலைமன்னாரில் கப்பல் பிடித்துப் போன குடும்பம். போகும்போது அவர் சின்னப் பிள்ளை. இப்போது மகனையும் மருமகளையும் கூட்டிக்கொண்டு அப்பாயியின் குழிமேட்டைப் பார்க்க வந்திருந்தார். ஸ்டோர் ஞாபகம் இருந்தது, பீலி ஞாபகம் இருந்தது, ஒரு பலா மரம் ஞாபகம் இருந்தது. பலா மரம் போய்விட்டது. மயானத்தின் மேற்பகுதியில் எப்போதோ தேயிலை போட்டுவிட்டார்கள். எங்கள் பெரியவர் ஒருவர் நிரை நிரையாக நடந்து பார்த்து, "இந்தா, இந்த வாட்டத்துலதான் இருக்கும்மா" என்று கையைக் காட்டினார். அந்த அம்மா ஒரு தேயிலை மரத்தடியில் வெற்றிலையும் இரண்டு ரூபா இந்தியக் காசும் வைத்துக் கும்பிட்டார். பக்கத்து நிரையில் கொழுந்தெடுத்தவர்கள் கையை நிறுத்திக்கொண்டு நின்றார்கள். கங்காணி கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை.

திரும்பிப் போகிற கதையும் ஆர்மீனியருக்கு உண்டு. 1946க்கும் 48க்கும் நடுவில் சிரியா, லெபனான், கிரீஸ், பிரான்ஸ் என்று சிதறிக் கிடந்தவர்களில் சுமார் 90,000 பேர் தாய்நாடு என்று நம்பி சோவியத் ஆர்மீனியாவுக்குக் கப்பலேறினார்கள். போன இடத்தில் உள்ளூர்க்காரர்கள் அவர்களைப் பாதி உறவாகத்தான் நடத்தினார்கள். 1949இல் சில குடும்பங்களைச் சைபீரியப் பக்கம் அனுப்பியும்விட்டார்கள். இங்கே 1948இல் நம்மவரின் பிரஜாவுரிமையைப் பறித்தார்கள். பிறகு இந்தியா போய் நீலகிரியில் இறங்கியவர்களைக் கேட்டால் 'சிலோன்காரன்' என்ற பேச்சை எத்தனை வருஷம் கேட்டார்கள் என்று சொல்வார்கள்.

நம்மிடம் ஒன்றுமே இல்லை என்று சொல்ல வரவில்லை. காமன் கூத்து இருக்கிறது. ரோதமுனியும் கவ்வாத்துச்சாமியும் இருக்கிறார்கள். ஸ்டோர் சக்கரத்துக்கும் கவ்வாத்துக் கத்திக்கும் அஞ்சியவர்கள் இந்த மண்ணில் உண்டாக்கிய சாமிகள், அக்கரையில் தேடினால் கிடைக்கமாட்டார்கள். சி.வி. வேலுப்பிள்ளை பாட்டுகளைத் தொகுத்தார். இங்கே ஊவாக்கட்டவளையில் பிறந்த தெளிவத்தை ஜோசப் லயத்து வாழ்க்கையைக் கதையாக எழுதினார். நம்மவர் மலையகத்துக்கு வந்த 200 வருஷத்தை முன்னிட்டு 2023இல் தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை, பாட்டன் நடந்த பாதையில் பிள்ளைகள் நடந்தார்கள். பாட்டும் கூத்தும் நடையும் கூட்டத்தின் கதையைச் சொல்லும். ஒற்றை ஆளின் பேரைச் சொல்லாது. கூடலூர் அம்மாவுக்கு வேண்டியிருந்தது ஒரு கிழவியின் பேர், அது இருக்கும் இடம்.

இதை எங்கள் கோயில் தர்மகர்த்தாவிடம் சொன்னேன். மயானத்தில் தனித்தனிக் கல் முடியாவிட்டாலும், ஒரே கல்லில் தெரிந்த பேரையெல்லாம் வெட்டி வைக்கலாம் என்றேன்.

"வெட்டலாம் மாஸ்டர். காசு சேத்துடலாம். எங்க வைக்கிறது? மயானமும் கம்பனிக் காணிதானே."

"கோயில் வாசல்ல வைப்போம் அண்ணே."

"கோயிலும்தான்."

உண்மைதான். சென்னையில் ஷாமியர் குடும்பத்துக்கு நிலம் இருந்தது; கொடுத்தார்கள், கோயில் எழும்பியது. நாம் குடியிருக்கிற லயக் காம்பிராவுக்கே ஏழு பேர்ச்சா பத்துப் பேர்ச்சா என்று ஒவ்வொரு தேர்தலிலும் பேச்சுவார்த்தை நடக்கிறது.

இருந்தாலும் சீ.ஆர். கொப்பி ஒன்று வாங்கி எழுதத் தொடங்கிவிட்டோம். பேர், இறந்த வருஷம், அக்கரையில் எந்த ஊர் என்று மூன்று கோடு. முதல் இரண்டும் கிழவிகளைக் கேட்டால் வந்துவிடுகின்றன. தைப்பொங்கலுக்கு முந்தி, அந்தப் பெரிய மழைக்குப் பிந்தி என்றாவது வருகின்றன. மூன்றாவது கோட்டில் பல பேருக்கு 'துறையூர்ப் பக்கம்' என்பதற்குமேல் எழுத முடியவில்லை. கல்லுக்கு எட்டடிக்கு நாலடி இடம் கேட்டுத் தோட்ட நிர்வாகத்துக்குக் கடிதமும் கொடுத்தாயிற்று. பதில் இன்னும் வரவில்லை.