எட்டுப் பேர் அமரும் கூடம் போதும்

மூட்டுவாதச் சிகிச்சைக்கு வருவோர் எங்களிடம் தவறாமல் கேட்கும் கேள்விகள் இரண்டு. புளி சேர்த்துக்கொள்ளலாமா என்பது ஒன்று; யோகா செய்யலாமா என்பது மற்றொன்று. முதல் கேள்விக்கு விடை எளிது: தாராளமாகச் சேர்த்துக்கொள்ளலாம். இரண்டாவதற்கும் ‘செய்யலாம்’ என்றே கூறுகிறோம். ஆயினும் அந்த ஒரு சொல்லோடு நோயாளியை அனுப்பிவிடுவது போதாது. வீடு திரும்பும் வழியிலேயே அவர் மூன்று நான்கு விளம்பரப் பலகைகளைக் காண்கிறார். ஒன்று பூங்காவில் இலவசமாக நடக்கும் காலை வகுப்பு. மற்றொன்று கல்யாண மண்டபத்தில் இருநூறு பேருக்கு நடக்கும் பத்து நாள் முகாம். இன்னொன்று, ஒரு வீட்டின் மாடியில் ஆறேழு பேருக்கு ஓர் அம்மையார் நடத்தும் வகுப்பு. இவற்றுள் எதில் சேர்வது என்று எங்களிடம் யாரும் கேட்பதில்லை. எங்கள் பார்வையில், முதலில் கேட்க வேண்டிய கேள்வி அதுதான்.

எங்கள் விடையை முதலிலேயே சொல்லிவிடுகிறோம். நாட்பட்ட நோய் உள்ளவர் அந்த மாடி வகுப்பைப் போன்ற ஒன்றைத் தேடிச் சேர வேண்டும். கூடம் சிறியதாகவும் அமைதியாகவும் இருக்க வேண்டும். உங்கள் பெயரையும் நோயையும் அறிந்த ஆசிரியர், நீங்கள் கையை உயர்த்தும்போது உங்கள் முகத்தைப் பார்க்கும் தொலைவில் நிற்க வேண்டும்.

பெருங்கூட்டமாக யோகா செய்வதை நாங்கள் குறைகூறவில்லை. ஐக்கிய நாடுகள் சபை 2014 டிசம்பரில் ஜூன் 21ஆம் நாளைச் சர்வதேச யோகா தினமாக அறிவித்தது. மறு ஆண்டு முதல் கொண்டாட்டத்தில் டெல்லி ராஜபாதையில் 35,985 பேர் ஒன்றாக அமர்ந்து பயிற்சி செய்தனர். உடல் நலமுள்ள பல்லாயிரம் பேரை விரிப்பின் மீது உட்கார வைத்தது நல்ல காரியமே. எனினும் ஒலிபெருக்கியில் வரும் கட்டளை சராசரி உடலுக்காகச் சொல்லப்படுவது. எங்கள் புறநோயாளிப் பிரிவின் வரிசையில் சராசரி உடல் ஒன்றுகூட இல்லை.

ஒரு நோயாளியின் நிலையைச் சொன்னால் இது விளங்கும். பன்னிரண்டு ஆண்டுகளாக முடக்குவாதத்துக்கு மருந்து எடுத்துவந்த ஓர் அம்மையார், உறவினரோடு பெரிய முகாம் ஒன்றில் சேர்ந்தார். விரல் மூட்டுகளில் மட்டுமே தமக்கு நோய் என்று நினைத்திருந்தார். அங்கு யாரும் அவரிடம் எதையும் கேட்கவும் இல்லை. ஐந்தாம் நாள் சர்வாங்காசனம். பக்கத்தில் இருந்தவர்கள் கால்களை மேலே தூக்க, இவரும் தூக்கினார். அடுத்த வாரம் பின்தலை வலியோடும், கழுத்தைக் குனிந்தால் முதுகு வழியே மின்சாரம் பாய்வதுபோன்ற உணர்வோடும் எங்களிடம் வந்தார். கழுத்தைக் குனிந்தும் நிமிர்ந்தும் எடுத்த எக்ஸ்ரே படத்தில், முதல் கழுத்தெலும்பு இரண்டாவதன் மீது நழுவுவது தெளிவாகத் தெரிந்தது. அறுவைச் சிகிச்சை தேவைப்படாமல் கழுத்துப் பட்டையோடும் கண்காணிப்போடும் தப்பினார். அங்கு தண்டுவடம் நசுங்கினால் கைகால் செயலிழக்கும், உயிருக்கும் ஆபத்து.

முடக்குவாதம் விரல்களோடு நிற்கும் நோய் என்னும் எண்ணம் பரவலாக உள்ளது. தலையைத் தாங்கும் முதலிரு கழுத்தெலும்புகளுக்கு இடையிலும் மூட்டு உண்டு. அவற்றைப் பிணைக்கும் தசைநாரையும் இந்நோய் அரிக்கக்கூடும். அரிப்பது தொடக்கத்தில் வலிப்பதில்லை. ஆகவே பல ஆண்டுகள் முடக்குவாதம் உள்ளவர்கள் சிரசாசனம், சர்வாங்காசனம், அலாசனம் ஆகியவற்றையும் கழுத்தைச் சுழற்றும் பயிற்சிகளையும் எங்களைக் கேளாமல் செய்ய வேண்டா. இருநூறு பேர் உள்ள மண்டபத்தில் இந்த ஒருவரை மட்டும் ‘நீங்கள் இதைச் செய்யாமல் அமர்ந்திருங்கள்’ என்று சொல்ல யாருக்கும் வாய்ப்பில்லை. ஆறு பேர் உள்ள அறையில் அது ஒரு வினாடியில் முடிகிற காரியம்.

எலும்பின் கதை வேறு. ஸ்டீராய்டு மாத்திரையை மாதக்கணக்கில் எடுத்தவர்களுக்கும், மாதவிடாய் நின்ற பெண்களுக்கும் எலும்பு உள்ளே புரையோடி வலுவிழப்பது உண்டு. எலும்புப்புரை எனப்படும் இந்நோயில், முன்னே குனியும் பயிற்சிகள் முதுகெலும்பின் முன்பக்கத்தை அழுத்தி நொறுக்கக்கூடும். அமெரிக்காவின் மேயோ மருத்துவமனையிலிருந்து 1984ஆம் ஆண்டு வெளிவந்த ஆய்வொன்று இதற்காக இன்றும் எடுத்துக்காட்டப்படுகிறது. முதுகெலும்பில் எலும்புப்புரை கண்ட 59 பெண்களை அது கவனித்தது. முன்னே குனியும் பயிற்சிகளை மட்டும் செய்தவர்களுள் 89 விழுக்காட்டினருக்குப் புதிய எலும்பு நொறுங்கல் ஏற்பட்டது. முதுகைப் பின்னே நிமிர்த்தும் பயிற்சிகளைச் செய்தவர்களுள் 16 விழுக்காட்டினருக்கே ஏற்பட்டது. சிறிய ஆய்வுதான், குனிந்தவர்கள் ஒன்பதே பேர். அது யோகாவைப் பற்றியதும் அன்று. ஆனாலும் பச்சிமோத்தானாசனத்தில் தலை முழங்காலைத் தொட வேண்டும் என்று முதுகில் கை வைத்து அழுத்தும் ஆசிரியரிடம் அறுபது வயது அம்மாவை அனுப்ப எங்களுக்கு மனம் வருவதில்லை. அதே அம்மாவைச் சுவரோரம் தாடாசனத்தில் நிமிர்ந்து நிற்க வைத்து, குப்புறப் படுத்து மெல்லத் தலை தூக்கும் எளிய புஜங்காசனத்தைக் கற்பிப்பவரிடம் மகிழ்ச்சியோடு அனுப்புவோம். இரண்டுமே யோகாதான்.

மூட்டு மாற்று அறுவைச் சிகிச்சை செய்துகொண்டவர்களுக்கும் தனித்தனி வரம்புகள் உண்டு. செயற்கை முழங்காலோடு வஜ்ராசனமும் பத்மாசனமும் வேண்டா. செயற்கை இடுப்பு மூட்டு உள்ளவர்கள், எந்த அளவு மடக்கலாம் என்பதைத் தங்கள் அறுவை மருத்துவரிடம் கேட்டறிய வேண்டும்.

நேரத்தைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டியுள்ளது. யோகா என்றாலே விடியற்காலை ஐந்தரை மணி என்று நம் ஊரில் முடிவு கட்டிவிட்டார்கள். பிரம்ம முகூர்த்தத்தின் சிறப்பை மறுக்க நாங்கள் யார்? ஆனால் முடக்குவாதம் உள்ளவருக்கு அந்த நேரமே நாளின் மிகக் கொடிய நேரம். நோயின் அழற்சி இரவின் பிற்பகுதியில் ஏறுகிறது. விழித்தெழும்போது மூட்டுகள் துருப்பிடித்த கீல்களைப்போல் இறுகியிருக்கும். அந்த இறுக்கம் தளர ஒரு மணி நேரமும் ஆகலாம், அதற்கு மேலும் ஆகலாம். பல் துலக்கும் தூரிகையைப் பிடிக்கவே விரல் மடங்காத வேளையில் அவரை விரிப்பில் அமர்த்தி மடக்கச் சொல்வது துன்புறுத்துவதாகும். வெந்நீரில் குளித்து, சிற்றுண்டி முடித்து, இறுக்கம் தளர்ந்தபின் முற்பகல் பதினொரு மணிக்கோ மாலையிலோ வகுப்பு இருந்தால் அதுவே அவருக்கு உகந்தது. சிறிய நிலையங்கள் பலவற்றில் இல்லத்தரசிகளுக்காகவும் ஓய்வு பெற்றவர்களுக்காகவும் முற்பகல் வகுப்பு உண்டு. அதைக் கேட்டு வாங்குங்கள். குளிர்சாதனத்தைக் கூட்டி வைத்த அறையும் பலருக்கு ஒத்துக்கொள்வதில்லை. அதைக் குறைக்கச் சொன்னால் குறைப்பார்களா என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள்.

அமைதி வேண்டும் என்று நாங்கள் சொல்வது அலங்காரத்துக்காக அன்று. நாட்பட்ட வலியோடு வாழ்பவர் எந்நேரமும் தசைகளை இறுக்கிக்கொண்டு, வலி வருமோ என்ற அச்சத்திலேயே அசைகிறார். எண்ணிக்கையை உரக்கச் சொல்லும் வகுப்பில் அவர் மூச்சைப் பிடித்துக்கொள்கிறார். மூச்சைப் பிடித்து முக்கும்போது இரத்த அழுத்தம் ஏறுகிறது. பக்கத்தில் இருபத்தைந்து வயதுப் பெண் வில்லாய் வளைவதைக் கண்டால் தாமும் வளைய முயல்கிறார். மனித இயல்பு அது. மெல்லிய குரலும், அவசரமின்மையும், சவாசனத்துக்கு முழுதாய்ப் பத்து நிமிடமும் உள்ள அறையில் அதே உடல் தானாகத் தளர்வதை எங்கள் நோயாளிகள் பலர் சொல்லக் கேட்டிருக்கிறோம். இரவு உறக்கம் சீராயிற்று என்பதே அவர்கள் முதலில் கூறும் பலன். வலி குறைந்தது என்பது அதன் பிறகே வரும்.

சிறிய வகுப்புக்கு இன்னொரு நன்மை உண்டு. இரண்டு நாள் வராவிட்டால் ‘என்ன ஆயிற்று?’ என்று யாராவது தொலைபேசியில் கேட்பார்கள். தனியே வாழும் முதியவர்களுக்கு அது எந்த ஆசனத்துக்கும் குறைந்ததன்று.

வகுப்பைப் பார்க்கச் செல்லும்போது, பணம் கட்டுவதற்கு முன் ஒரு முறை ஓரமாக அமர்ந்து கவனியுங்கள். ஆசிரியர் தாம் ஆசனம் செய்து காட்டுவதிலேயே வகுப்பு முழுவதையும் கழிக்கிறாரா, எழுந்து நடந்து மற்றவர்களைப் பார்க்கிறாரா? நாற்காலி, தலையணை, கயிறு, சுவர் ஆகியவற்றைப் பயன்படுத்துகிறாரா? தரையில் அமர முடியாதவருக்கு என்ன செய்வார் என்று கேளுங்கள். ‘பழகப் பழகச் சரியாகிவிடும்’ என்பார் என்றால் நன்றி கூறி வந்துவிடலாம். அந்த நிலையம் மின்தூக்கி இல்லாத மூன்றாம் மாடியில் இருந்தால், முழங்கால் வலிக்காரருக்கு வகுப்புக்கு முன்பே வகுப்பு முடிந்துவிடும். எல்லாவற்றுக்கும் மேலாக, அவர் உங்களை என்ன கேட்கிறார் என்பதைக் கவனியுங்கள். என்ன நோய், என்ன மருந்து, எந்த அறுவைச் சிகிச்சை, எங்கே வலி என்று கேட்பவர் நல்ல ஆசிரியராக இருக்க வாய்ப்பு மிகுதி. எதுவும் கேளாமல் படிவத்தில் கையொப்பம் மட்டும் வாங்குபவரிடம் எச்சரிக்கையாக இருங்கள்.

சுவரில் மாட்டிய சான்றிதழை மட்டும் நம்ப வேண்டா. ஆயுஷ் அமைச்சகத்தின் கீழ் உள்ள யோகா சான்றளிப்பு வாரியம், பொதுப் பயிற்சி அளிப்போருக்கும் யோகா சிகிச்சை அளிப்போருக்கும் தனித்தனியே சான்று வழங்குகிறது. உங்கள் ஆசிரியர் எவ்வகையினர் என்று கேட்பதில் தவறில்லை. பரவலாகக் காணப்படும் 200 மணி நேரப் பயிற்சி ஆரோக்கியமானவர்களுக்குக் கற்பிக்க உதவும். நோயைக் கையாள அது போதாது.

ஒரு விஷயத்தில் மட்டும் எங்களிடம் விட்டுக்கொடுத்தல் இல்லை. மாத்திரையை நிறுத்து என்று சொல்லும் ஆசிரியரின் வகுப்பிலிருந்து அன்றே விலகிவிடுங்கள், அவர் எவ்வளவு அன்பானவராக இருந்தாலும். நீண்ட காலம் உட்கொண்ட ஸ்டீராய்டைத் திடீரென நிறுத்தினால் இரத்த அழுத்தம் சரிந்து மயங்கி விழும் அபாயம் உண்டு. மெத்தோட்ரெக்சேட் போன்ற மருந்தை விட்டால் அடங்கியிருந்த நோய் மீண்டும் கிளம்பும். அரித்த மூட்டை எந்த ஆசனமும் மீட்டுத் தராது. டெல்லி எய்ம்ஸ் மருத்துவர்கள் முடக்குவாத நோயாளிகள் 72 பேரிடம் நடத்திய எட்டு வார ஆய்வில், யோகா செய்தவர்களின் நோய்த்தீவிரமும் மனச்சோர்வும் குறைந்தன. அவர்கள் மருந்தைத் தொடர்ந்துகொண்டே யோகா செய்தவர்கள் என்பதை இந்த ஆய்வை மேற்கோள் காட்டுவோர் பலர் சொல்ல மறந்துவிடுகிறார்கள்.

ஆளுக்கேற்பக் கற்பித்தல் என்பது மேலைநாட்டு நாகரிகம் என்று சிலர் நினைக்கலாம். இல்லை, நம் சென்னையிலேயே வேரூன்றிய மரபு அது. மைசூர் அரண்மனையின் ஆதரவில் இளைஞர்களுக்குக் கடுமையான ஆசனங்களைக் கற்பித்த திருமலை கிருஷ்ணமாச்சாரியார், 1950களில் சென்னைக்கு வந்தபின் நாடி வந்தோருக்கு அவரவர் உடல்நிலைக்கேற்ப ஒவ்வொருவராகக் கற்பித்தார். அவர் மகன் டி.கே.வி. தேசிகாச்சார் 1976இல் தொடங்கிய கிருஷ்ணமாச்சாரியார் யோக மந்திரம் அவ்வழியையே பின்பற்றியது. அவருடைய மாணவர் பி.கே.எஸ். ஐயங்கார், புனேயில் நாற்காலியையும் கயிற்றையும் மரக்கட்டையையும் கொண்டு வளையாத உடல்களுக்கும் ஆசனத்தை எட்டச் செய்தார். இவர்கள் பெயரைச் சொல்லிக்கொண்டு, ஒரே ஆசனத்தை எல்லார் மீதும் திணிப்பவர்களைக் காணும்போது வியப்பாகவே இருக்கிறது.

சிறிய வகுப்புக்குச் செலவு கூடுதல் என்பது உண்மை, எல்லாராலும் இயலாது. அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகள் பலவற்றில் யோகா மற்றும் இயற்கை மருத்துவப் பிரிவு இயங்குவதைப் பலர் அறியார். சென்னை அரும்பாக்கத்தில் அரசு யோகா மற்றும் இயற்கை மருத்துவக் கல்லூரியும் அதன் மருத்துவமனையும் உள்ளன. அங்குப் பயிற்சி அளிப்போர் இத்துறையில் பட்டம் பெற்ற மருத்துவர்கள். தனி வகுப்புக்கு வசதி இல்லாதவர்கள் இரண்டு மூன்று முறை அங்குச் சென்று தமக்கு உரியவற்றைக் கற்று, வீட்டில் தொடரலாம். மாதம் முழுதும் பணம் கட்ட வேண்டும் என்பதில்லை. தனியார் நிலையத்திலும் நான்கு வகுப்புகள் தனியே கற்று, பிறகு மாதம் ஒரு முறை சென்று சரிபார்த்துக்கொள்ளும் ஏற்பாட்டைக் கேட்டுப் பார்க்கலாம்.

அடுத்த முறை எங்களிடம் வரும்போது, யோகா ஆசிரியருக்கு ஒரு குறிப்பு வேண்டும் என்று கேளுங்கள். உங்கள் நோய், உட்கொள்ளும் மருந்துகள், தவிர்க்க வேண்டிய அசைவுகள், கழுத்து எக்ஸ்ரேயின் முடிவு ஆகியவற்றைத் தமிழில் அரைப் பக்கத்தில் எழுதித் தருவோம். ஆசிரியர் அதைப் படித்து எங்களிடம் ஐயம் கேட்க விரும்பினால், பிற்பகல் மூன்று மணிக்குப் பிறகு புறநோயாளிப் பிரிவுக்குத் தொலைபேசியில் பேசலாம். இதற்குத் தனிக் கட்டணம் இல்லை.