பட்டா யார் பெயரில்? பாடு யார் தலையில்?

மூன்று சென்ட் மனை. அதற்காகத் தொழிலாளத் தோழர் ஒருவர் பதினைந்து ஆண்டுகள் வாயைக் கட்டி வயிற்றைக் கட்டி மிச்சம் பிடிக்கிறார். மனைவியின் தாலிக்கொடி அடகுக் கடைக்குப் போகிறது. போனஸ் பணம் முன்பணமாகப் போகிறது. பத்திரமும் பதிவாகிறது. "இனி நமக்கும் ஓர் இடம்" என்று குடும்பமே மகிழ்கிறது. பட்டாவில் பெயர் மாற்றக் கேட்டால், தாலுகா ஆபீசிலிருந்து வருகிற பதில் என்ன? "ஆட்சேபணை வந்திருக்கிறது, சிவில் கோர்ட்டுக்குப் போ!"

ஆட்சேபித்தவர் யார்? விற்றவரின் தங்கை. குடும்பச் சொத்தில் தன் பங்கையும் சேர்த்து அண்ணன் விற்றுவிட்டார் என்கிறார் அவர். அவரும் கூலி வேலைக்குப் போகிறவர்தான். மகளுக்கும் பங்குண்டு என்று 1989-இல் தமிழ்நாட்டிலும், 2005-இல் நாடு முழுவதிலும் சட்டம் வந்தது. அந்தச் சட்டத்தை வரவேற்ற நாம், அந்தப் பெண்ணைப் பார்த்து "வாயை மூடு" என்று சொல்ல முடியுமா? முடியாது, சொல்லவும் மாட்டோம். வாங்கியவரும் ஏழை, மறுப்பவரும் ஏழை. பணத்தைப் பெற்றுக்கொண்டவரும் இடையில் நின்ற தரகருமோ ஒதுங்கிவிட்டனர்!

பட்டா உரிமை தருவதில்லை; அது வரி வசூலுக்கான கணக்கு என்று சுப்ரீம் கோர்ட் 1996-இலும் சொன்னது, 2021-இலும் சொன்னது. உரிமைத் தகராறு எழுந்தால் சிவில் கோர்ட்டின் தீர்ப்பைப் பெற்று வரும்படி அனுப்பவேண்டும் என்பதே நம் மாநிலப் பட்டா பாஸ்புத்தக விதி. தாசில்தார் நீதிபதி அல்லர்; உரிமையை அவர் முடிவுகட்டக்கூடாது என்பது நியாயந்தான். இதில் நமக்குச் சண்டை இல்லை.

பத்திர ஆபீசிலாவது சரிபார்ப்பார்களா என்றால், விற்பவருக்கு உரிமை உண்டா என்று ஆராய்வது சார்பதிவாளர் வேலை அன்று என்று 2025-இல் சுப்ரீம் கோர்ட் தீர்ப்பளித்துவிட்டது. பதிவாளர் பார்க்கமாட்டார், தாசில்தார் முடிவு செய்யமாட்டார், கோர்ட் வழக்கோ ஆண்டுக்கணக்கில் இழுக்கும். ஆனால் பாங்குக் கடனுக்குப் போனால் "பட்டா எங்கே?" நிலத்தைச் சர்க்கார் எடுத்துக்கொண்டு நஷ்டஈடு தரும்போதும் "பட்டா எங்கே?" உரிமை தராத காகிதம் என்கிறார்கள், அது இல்லாவிட்டால் ஒரு காரியமும் நடப்பதில்லை!

நம் குற்றச்சாட்டு இதுதான்: விதி எல்லோருக்கும் ஒன்றாக இல்லை. ஏழை கேட்டால் "கோர்ட்டுக்குப் போ". செல்வாக்குள்ளவர் கேட்டால், ஆட்சேபணை மனு கட்டுக்குள் கிடக்க, பெயர் சத்தமில்லாமல் மாறிவிடுகிறது. சம்பந்தப்பட்டவர்களின் வாதத்தைக் கேட்ட பிறகே பதிவை மாற்றவேண்டும் என்று சட்டம் சொல்வது யாருக்காக? பரம்பரைக் கர்ணம் பதவி 1980-இல் ஒழிந்தது. கர்ணத்தின் பேனா போய்க் கணினி வந்தது. உட்பிரிவு தேவைப்படாத நிலத்துக்குப் பத்திரம் பதிவான கையோடு பட்டா மாறுகிற ஏற்பாடும் வந்துவிட்டது. வேகத்தை வரவேற்கிறோம். ஆனால் தவறும் அதே வேகத்தில் ஓடுமல்லவா?

ஆட்சியாளரை நாம் கேட்பவை நான்கு. பட்டாவில் ஏற்கெனவே பெயர் உள்ள எவருக்கும் நோட்டீஸ் சேராமல் பெயரை எடுக்காதீர். மறுப்பதானால் காரணத்தை எழுத்தில் கொடுங்கள். உத்தரவு கையில் இருந்தால்தானே கோட்டாட்சியரிடம் முறையிடலாம், அதற்கும் மேல் மாவட்ட வருவாய் அலுவலரிடம் போகலாம்! வழக்கு நடக்கும் நிலமென்றால் அதைப் பட்டாவிலேயே குறித்துக் காட்டுங்கள். வழக்கு நிலுவையைப் பதிவு செய்ய 1939-லேயே பம்பாய் மாகாணம் சட்டத் திருத்தம் செய்தது. நம்மால் ஏன் முடியாது? இறுதித் தீர்ப்போடு வருகிறவரை மறுபடியும் நடையாய் நடக்கவிடாமல், கெடு வைத்துப் பெயரை மாற்றிக் கொடுங்கள்.

தோழர்களுக்கும் ஒரு சொல். வில்லங்கச் சான்றில் ஒன்றுமில்லை என்பதால் வில்லங்கமே இல்லை என்று நம்பிவிடாதீர்கள். வாய்மொழிப் பாகப்பிரிவினையும், வாரிசின் பங்கும், கோர்ட்டில் கிடக்கும் வழக்கும் அதில் தெரியாமலே போகலாம். வழக்கு நடக்கும்போது வாங்கினால், வரும் தீர்ப்பு வாங்கியவரையும் கட்டும். முன்பணம் கொடுப்பதற்கு முன்பே வாரிசுச் சான்றைக் கேளுங்கள். தங்கை, அக்காள் கையெழுத்தைக் கேளுங்கள். நிலத்துக்கே போய், அனுபவத்தில் இருப்பவர் யார் என்று பாருங்கள்.

ஆண்டுதோறும் தாலுகா ஆபீசில் ஜமாபந்தி நடக்கிறது. ஒவ்வொரு கிளையும் அன்று அங்கே இருக்கட்டும். எழுதத் தெரியாதவருக்கு மனு எழுதிக் கொடுங்கள். ரசீது வாங்கிக் கொடுங்கள். கொடியேற்றுவது மட்டும் கட்சி வேலை அன்று. ஏழையின் பெயர் கணக்கில் சரியாக ஏறியதா என்று பார்ப்பதும் கட்சி வேலைதான்!