கல்லீரலுக்குள் பித்தநாளங்கள் விரிந்திருந்தால்

வயிற்று ஸ்கேன் அறிக்கையில் ‘ஐ.எச்.பி.ஆர். டைலடேஷன்’ என்றொரு வரி சில வேளைகளில் இடம்பெறும். கல்லீரலுக்குள் இருக்கும் பித்தநாளங்கள் விரிந்துள்ளன என்பது அதன் பொருள். அதனை ஒரு நோயின் பெயராகக் கருதி, இதற்கு எத்தனை நாள் மாத்திரை உட்கொள்ள வேண்டும் என்று வினவுவோர் பலர். அது நோயின் பெயரன்று. பித்தநீர் இறங்கும் வழியில் எங்கோ தடை இருக்கலாம் என்னும் அறிவிப்பு. தடை எங்கே, எதனால் என்னும் இரு வினாக்களுக்கும் விடை கிடைக்கும்வரை அந்த அறிக்கையை மடித்துப் பெட்டிக்குள் வைக்கலாகாது என்பது என் உறுதியான கருத்து.

ஏரிகளும் கால்வாய்களும் நிறைந்த நம் காஞ்சிபுரத்தாருக்கு இதனை விளக்குவது எளிது. வடிகாலின் கடைக்கோடியில் மண் அடைத்தால், மேலேயுள்ள சிறு வாய்க்கால்களிலெல்லாம் நீர் ததும்பி நிற்கும். கல்லீரல் நாளொன்றுக்கு ஏறத்தாழ அரை லிட்டர் முதல் ஒரு லிட்டர் வரை பித்தநீரைச் சுரக்கிறது. நுண்ணிய நாளங்கள் வலம், இடம் என இரண்டாகத் திரண்டு, கல்லீரலின் வாயிலில் ஒன்றாகி, பித்தப்பையின் நாளத்தையும் சேர்த்துக்கொண்டு, கணையத்தின் தலைப்பகுதியை ஒட்டிச் சென்று முன்சிறுகுடலில் திறக்கின்றன. உள்நாளங்கள் இயல்பில் சுமார் 2 மில்லிமீட்டருக்குள் அடங்கியவை. ஸ்கேனில் அரிதாகவே புலப்படும். அவை பளிச்செனத் தெரிந்தாலே ஏதோ தேங்குகிறது என்று ஐயுற வேண்டும். பிறவியிலேயே அடைப்பின்றி உள்நாளங்கள் பைபோல் விரிந்திருக்கும் கரோலி நோய் என்பதும் உண்டு. ஆயினும் அது மிக அரிது.

விரிவு எதுவரை நீள்கிறது என்பதே தடையின் இடத்தைக் காட்டும். உள்நாளங்களோடு வெளியிலுள்ள பொதுநாளமும் விரிந்திருந்தால் அடைப்பு கீழே இருக்கிறது: பித்தப்பையிலிருந்து இறங்கிய கல், கணையத் தலையில் கட்டி, அல்லது குடல்வாயிலில் கட்டி. வலமும் இடமும் விரிந்து பொதுநாளம் மட்டும் மெலிந்திருந்தால் தடை கல்லீரலின் வாயிலில் உள்ளது. ஒரு பக்கம் மட்டும் விரிந்திருந்தால் மற்றப் பாதி வேலையைச் சுமந்துகொள்வதால் கண்ணில் மஞ்சள் தோன்றாமலே போகலாம். ஆகவே, ‘மஞ்சள் இல்லையே, பிறகு பார்க்கலாம்’ என்னும் சமாதானம் பொருந்தாது. பித்தப்பை அகற்றியோருக்கும் முதியோருக்கும் பொதுநாளம் சற்றே பெருத்திருப்பது உண்மைதான். அதனையே காரணமாகக் காட்டி உள்நாள விரிவையும் ஒதுக்கிவிடுதல் எனக்கு உடன்பாடில்லை.

கல்லால் வரும் அடைப்பு பெரும்பாலும் வலியோடு வந்து நம்மை மருத்துவமனைக்கு விரட்டிவிடும். எனக்கு அச்சம் தருவது வலியில்லாத காமாலை. சிறுநீர் தேநீர்போல் கறுக்கும், மலம் வெளுக்கும், உடலெங்கும் அரிப்பெடுக்கும், பசி குன்றும். ஆயினும் நோயாளி தறியில் அமர்ந்திருப்பார். பாவு முடியட்டும் என்பார். வைகாசிக் கருட சேவை கழியட்டும் என்பார் வீட்டிலுள்ள பெரியவர். ஒருநாள் எழுந்தால் ஒருநாள் கூலி போகும் என்பதை நான் அறிவேன். ஆனால் கணையத் தலையிலோ நாளத்திலோ உள்ள கட்டியை அறுவையால் அகற்றக்கூடிய காலம் குறுகியது. அந்த வாரங்கள் திரும்பக் கிடைப்பதில்லை.

காமாலை என்றதும் கீழாநெல்லியை நாடுவது நம் மரபு. அம்மூலிகையை நான் இகழவில்லை. சென்னையைச் சேர்ந்த எஸ். பி. தியாகராஜன் குழுவினர், நோபல் பரிசு பெற்ற புளூம்பெர்க்குடன் சேர்ந்து, 1988இல் ‘லான்செட்’ இதழில் அதுபற்றிய ஆய்வை வெளியிட்டனர். பின்னர் பிற இடங்களில் நடந்த ஆய்வுகள் அம்முடிவை உறுதிசெய்யவில்லை. எவ்வாறாயினும் அந்த விவாதம் பி வகை வைரஸைப் பற்றியது. குடிநீரால் பரவும் ஏ, ஈ வகைக் காமாலைகள் பெரும்பாலோருக்குச் சில வாரங்களில் தாமே தணிந்துவிடும். புகழ் மட்டும் மூலிகையைச் சேரும். குடல்வாயிலில் உள்ள கட்டியிலோ, மஞ்சள் சில நாள் குறைந்து மீண்டும் ஏறுவதுண்டு. அக்குறைவைக் கண்டு பத்தியம் பலித்தது என்று மகிழ்ந்து காலத்தை இழந்த குடும்பங்கள் உண்டு. கல்லையோ கட்டியையோ எந்தச் சாறும் நகர்த்தாது. காமாலை கண்டால் முதலில் இரத்தப் பரிசோதனையும் ஸ்கேனும் செய்து, நாளங்கள் விரிந்துள்ளனவா என்று அறிந்துகொள்ளுங்கள்.

குளிர்நடுக்கத்துடன் காய்ச்சல், வலது மேல்வயிற்றில் வலி, மஞ்சள் ஆகிய மூன்றும் சேர்ந்தால் தேங்கிய பித்தநீரில் கிருமி புகுந்துவிட்டது என்று கொள்ள வேண்டும். இரவாயினும் விடியலுக்குக் காத்திராமல் அவசரப் பிரிவுக்கு வந்துவிடுங்கள். அந்நிலையில் தேங்கியதை விரைந்து வடிப்பதே உயிர்காக்கும்.

அத்தகைய அவசரம் இல்லாதபோது என் பரிந்துரை வேறு: படம் முதலில், குழாய் பிறகு. எம்.ஆர்.சி.பி. எனப்படும் காந்த அலைப் படமும் சி.டி. ஸ்கேனும் தடையின் இடத்தையும் பரவலையும் காட்டும். அவற்றுக்கு முன்பே எண்டோஸ்கோப்பி வழியாகக் குழாய் வைத்துவிட்டால் படம் குழம்பும். கல்லீரல் வாயிலில் உள்ள அடைப்பாயின் வடியாத பகுதியில் கிருமி சேரவும் கூடும். ‘மஞ்சளை முதலில் இறக்கிவிடுங்கள்’ என்று உறவினர் வற்புறுத்துவது இயல்பே; இரண்டொரு நாள் பொறுப்பது பெரும்பாலும் நோயாளிக்கே நன்மை. பித்தநீர் குடலைச் சேராவிடில் வைட்டமின் கே உடலில் ஏறாது, இரத்தம் உறையத் தாமதிக்கும். சிகிச்சைக்கு முன் அந்த ஊசி போடப்படுவது இதனால்தான். இரத்தம் உறையாமலிருக்க மாத்திரை உண்பவர்கள் அதனை முன்கூட்டியே தெரிவித்துவிட வேண்டும்.

சென்னையிலுள்ள பெரிய மருத்துவமனைக்கு அனுப்பப்படுவோர் ஸ்கேன் படங்களையும் எல்லா அறிக்கைகளையும் உடன் கொண்டுசெல்க. அறிக்கைத் தாள் மட்டும் போதாது. முதலமைச்சரின் காப்பீட்டு அட்டை இருந்தால், எச்சிகிச்சைக்குப் பொருந்தும் என்பதைப் புறப்படுமுன் காப்பீட்டுப் பிரிவில் கேட்டுக்கொள்ளலாம். நாளத்தில் பிளாஸ்டிக் குழாய் வைக்கப்பட்டிருந்தால் அது நிரந்தரமன்று. பொதுவாக மூன்று மாதங்களுக்குள் அகற்றவோ மாற்றவோ வேண்டும். மறந்தால் அக்குழாயே அடைபட்டு நடுக்கக் காய்ச்சலைக் கொண்டுவரும். உடல் தேறியவருக்கு அந்நாள் நினைவில் நிற்பதில்லை. ஆதலால் வைத்த தேதியையும் எடுக்க வேண்டிய தேதியையும் மருத்துவரிடமே கேட்டு, வீட்டு நாட்காட்டியில் வீட்டிலுள்ள ஒருவர் எழுதிவைக்க வேண்டும்.