குழல் கடல் கடந்தது. நஞ்சு மலையில் தங்கியது



காய்ச்சல் கண்டவன் நாவின் அடியில் வைத்துப் பார்ப்பார்களே, அந்த வெப்பமானிக் குழலில் இருந்த பாதரசம் ஏறத்தாழ ஒரு கிராம். ஒரு கிராம்தானே என்று எண்ணிவிடாதீர்கள். அப்படி ஒவ்வொரு கிராமாக அடைத்து, அழகாகப் பெட்டியிலிட்டு, அமெரிக்காவுக்கு அனுப்பிய ஆலை ஒன்று ஏழாயிரம் அடி உயரத்தில், கொடைக்கானலில், பாம்பாற்றுச் சோலைக்காட்டின் தலைமேட்டில் நின்றது. குறிஞ்சி பூக்கும் மலையில், மேகம் தவழும் முகட்டில், பாதரச ஆலை!

எங்கிருந்து வந்தது அது? நியூயார்க் மாநிலத்து வாட்டர்டவுன் நகரிலே இயங்கிய ஆலை, 1980களின் முற்பகுதியில் பெயர்ந்து வந்து நம் பழனி மலையில் அமர்ந்தது. கொண்டு வந்தது, முகத்துக்குப் பூச்சு விற்ற பாண்ட்ஸ் நிறுவனம். பின்னர் அது யூனிலீவர் குழுமத்தின் இந்துஸ்தான் லீவர் கைக்கு மாறியது. பாதரசம் பெரும்பாலும் அமெரிக்காவிலிருந்து வந்தது. கண்ணாடியும் அங்கிருந்தே வந்தது. செய்து முடித்த பொருளும் அங்கேயே போயிற்று. அப்படியானால் நம்முடையது எது? உழைத்த கைகள் நம்முடையவை. ஆவியை இழுத்த மூச்சு நம்முடையது. சிந்தியதைத் தாங்கிய மண் நம்முடையது.

பாதரசம் கொதித்தால்தான் ஆவியாகும் என்பதில்லை, தோழரே. அறையின் சாதாரண வெப்பத்திலேயே மெல்ல மெல்லக் காற்றில் கலக்கும். கண்ணுக்குத் தெரியாது, மணமும் இராது. பழனியிலே போகர் என்ற சித்தர் பாதரசத்தைக் கட்டினார் என்று கதை சொல்வார்கள். அவர் கட்டினாரோ இல்லையோ, ஆலைக்காரர்கள் அவிழ்த்து விட்டார்கள், அது மட்டும் உண்மை!

2001 மார்ச்சில் குட்டு வெளிப்பட்டது. மூஞ்சிக்கல் பகுதியில் ஒரு பழைய இரும்புக் கடையில், பாதரசம் ஒட்டிய உடைந்த கண்ணாடி டன் கணக்கில் குவிந்து கிடந்தது. பழனி மலைப் பாதுகாப்புக் கழகத்தாரும் கிரீன்பீஸ் இயக்கத்தாரும் அதை ஊரறியக் காட்டினர். உடனே ஆலை நின்றது. 2003இல் ஏறத்தாழ 290 டன் பாதரசக் கழிவு கப்பலேறி, அமெரிக்காவின் பென்சில்வேனியாவுக்கே திரும்பியது. பணக்கார நாட்டுக் குப்பை ஏழை நாட்டுக்கு வருவதுதான் உலக வழக்கம். வந்த வழியே அதைத் திருப்பி அனுப்பிய பெருமை நம் மலைமக்களுக்கு உண்டு. ஆனால் மூட்டை கட்ட முடிந்தது மட்டுமே திரும்பியது. மண்ணில் ஊறியதை யார் மூட்டை கட்டுவது? பாம்பாறு கும்பக்கரை அருவியாக விழுந்து வைகைப் படுகைக்குப் போகும் நீர் அல்லவா?

தொழிலாளர்கள் 2006இல் சென்னை உயர்நீதிமன்றப் படியேறினார்கள். பத்தாண்டு கழித்து, 2016 மார்ச்சில், 591 பேருக்கு நிறுவனம் பணம் தர உடன்பட்டது. தொழிலாளர் உடல்நலத்துக்கு ஆலையால் கேடில்லை, மனிதாபிமானத்தாலேயே தந்தோம் என்பது நிறுவனத்தின் வாதம். மனிதாபிமானம் பத்தாண்டு நடந்தா வந்து சேரும்? மண்ணின் வழக்கோ அதன் பிறகும் நீண்டது. ஒரு கிலோ மண்ணில் 20 மில்லிகிராம் பாதரசம் மிஞ்சலாம் என்றது மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் ஏற்ற திட்டம். 1 மில்லிகிராமுக்கு மேல் கூடாது, இங்கிலாந்து மண்ணென்றால் இப்படி விடுவீர்களா என்று கேட்டனர் சூழல் இயக்கத்தார்.

ஒரு நிறுவனத்தின் குற்றம், ஓர் ஊரின் துயரம் என்று இதை மூடி வைக்கலாகாது. நாடகக்காரன் நான், ஒரு காட்சி கற்பித்துக் காட்டுகிறேன். இடம்: நியூயார்க் துறைமுகம். சுங்க அதிகாரி பெட்டியைத் திறக்கிறார். “இது என்ன?” “வெப்பமானி, ஐயா.” “உடைந்திருக்கிறதா?” “இல்லை.” “அளவு சரியா?” “சரி.” “போகலாம்!” அவ்வளவுதான் காட்சி. எந்த மலையில் செய்தாய், என்ன சிந்தினாய், யார் மூச்சில் கலந்தாய் என்ற கேள்விக்கு அங்கே வசனமே இல்லை!

ஏன் இல்லை? 1947இல் நாடுகள் கூடி எழுதிய ‘காட்’ என்னும் வாணிப உடன்படிக்கையின் பார்வை பொருளின் மீது. அது பிறந்த இடத்தின் மீதன்று. மனித உயிரையும் இயற்கை வளத்தையும் காக்க விலக்கு உண்டு என்று அதன் 20ஆம் விதி கூறுகிறது, மறுக்கவில்லை. ஆனால் டால்பின்களைக் கொல்லும் வலையில் பிடித்த சூரை மீனை அமெரிக்கா தடுத்தபோது, மீன் மீன்தான், பிடித்த முறையைக் காட்டித் தடுக்கலாகாது என்றது 1991இல் நடுவர் குழு. 1998இல், கடலாமை இறால் வழக்கில், அந்தப் பிடி சற்றே தளர்ந்தது. அந்த வழக்கில் அமெரிக்காவை எதிர்த்து நின்ற நாடுகளில் இந்தியாவும் ஒன்று என்பதை மறைக்க வேண்டியதில்லை. சூழல் என்ற பெயர் சொல்லிப் பணக்கார நாடுகள் நம் சரக்குக்குக் கதவடைக்கும் என்ற அச்சம் பொய்யன்று. ஆனால் அந்த அச்சத்தின் நிழலிலேதான் கொடைக்கானலில் பாதரசம் சிந்தியது, இதுவும் பொய்யன்று.

உடன்படிக்கை என்றாலே கேடு என்று நான் சொல்லவில்லை, தோழரே. ஜப்பானின் மினமாட்டாக் குடாவில் ரசாயன ஆலை கொட்டிய பாதரசம் மீன் வழியாக மனிதரை முடக்கிய கொடுமை 1956இல் வெளிச்சத்துக்கு வந்தது. அந்த ஊரின் பெயரிலேயே 2013இல் ஓர் உலக உடன்படிக்கை எழுந்தது. 2018இல் இந்தியாவும் அதை ஏற்றது. வாங்கும் நாட்டின் எழுத்து மூலமான சம்மதமின்றிப் பாதரசம் ஏற்றுமதியாகக் கூடாது. 2020க்குப் பின் பாதரச வெப்பமானியைச் செய்வதோ, ஏற்றுவதோ, இறக்குவதோ கூடாது, அவகாசம் பெற்ற நாடுகளுக்குச் சில காலம் விலக்கு. பாதரசத்தை வாணிபத்துக்கே உரிய சட்டத்தால் கட்ட முடியும் என்பதற்கு இது சான்று. இருபதாண்டு முன்னால் வந்திருந்தால்?

இப்போது டில்லி வரிசையாக ஒப்பந்தம் போடுகிறது. 2024 மார்ச்சில் சுவிட்சர்லாந்து, நார்வே உள்ளிட்ட நான்கு ஐரோப்பிய நாடுகளோடு. 2025 ஜூலை 24இல் பிரிட்டனோடு. பிரிட்டன் ஒப்பந்தத்தில் சுற்றுச்சூழலுக்குத் தனி அத்தியாயமே இருக்கிறது. மகிழ்ச்சி! ஆனால் அந்த அத்தியாயம் மீறப்பட்டால் தகராறு தீர்க்கும் நடுவர் மன்றத்துக்குப் போக வழியில்லை. சரக்கின் வரிக்கு நீதிமன்றம். மண்ணின் மாசுக்கு நல்வாக்கு!

இன்னொன்றும் உண்டு. வெளிநாட்டு உடன்படிக்கை செய்யும் உரிமை டில்லியின் பட்டியலில். தண்ணீரும் பொதுச் சுகாதாரமும் மாநிலத்தின் பட்டியலில். கையெழுத்து அங்கே, காய்ச்சல் இங்கே. கையெழுத்துக்கு முன் நாடாளுமன்றத்தின் ஒப்புதல் வேண்டும் என்ற கட்டாயமும் நம் அரசியல் சட்டத்தில் இல்லை. மாநிலத்தின் கருத்தைக் கேட்கும் கட்டாயம் பற்றிக் கேட்கவே வேண்டாம்!

உங்கள் தொகுதி உறுப்பினர் ஊருக்கு வரும்போது மாலையோடு இதையும் கொடுங்கள், தோழரே: அடுத்த ஒப்பந்தத்தின் வரைவு கையெழுத்துக்கு முன் சட்டமன்றத்தின் மேசைக்கு வருமா? அதன் சூழல் அத்தியாயத்துக்கும் நடுவர் மன்றம் உண்டா? வெளிநாட்டிலிருந்து பெயர்ந்து வரும் ஆலை, அங்கே அது எந்த விதிக்குக் கட்டுப்பட்டிருந்ததோ அதே விதிக்கு இங்கேயும் கட்டுப்படுமா? ஆம், இல்லை என்று எழுதி வாங்குங்கள்.