பெயர் பெரியது; கணக்கு யாருடையது?

பாட்டாளி சேர்த்து வைத்த காசைப் பறிக்க வேண்டுமானால், முன்பெல்லாம் ஒருவன் தோட்டத்துக்குள் கால் வைத்தாக வேண்டும். லயத்து வாசலில் நின்று பேசவேண்டும். நாலு பேர் அவன் முகத்தைப் பார்ப்பார்கள், கிராணியார் "யாரப்பா நீ, எங்கிருந்து வருகிறாய்?" என்று கேட்பார். இன்று அந்தத் தொல்லை எதுவும் அவனுக்கு இல்லை. கைத்தொலைபேசி வழியாக நேரே நம் சட்டைப்பைக்குள் வந்து உட்கார்ந்துகொள்கிறான். அதுவும் தன் சொந்தப் பெயரில் வருவதில்லை. நாடறிந்த யூனிட் டிரஸ்ட் நிறுவனத்தின் பெயரிலும், பழைமையான வங்கியின் பெயரிலும், அரசாங்க ஆதரவு பெற்ற சேமிப்பு நிதியின் பெயரிலும் வருகிறான்.

இந்த ஆள்மாறாட்ட முதலீட்டு மோசடியைப் பற்றி நம் தொழிலாள மக்களிடமும் கிராணிமாரிடமும் மனம்விட்டுப் பேசவேண்டிய அவசியம் வந்துவிட்டது. "ஏமாந்தவன் பேராசைக்காரன், அவனுக்கு வேண்டும்" என்று சொல்லித் தட்டிக் கழிப்பது சிலருக்கு வழக்கமாகிவிட்டது. அதை நாம் ஒப்புக்கொள்வதற்கில்லை. ஊர் பேர் தெரியாதவனிடம் பணம் கொடுக்காதே, பதிவு பெற்ற நிறுவனத்தில் போடு என்று இத்தனை காலமும் புத்தி சொன்னவர்கள் யார்? நாம்தான்; அரசாங்கம்தான்; வங்கிகள்தான். அந்தப் புத்திமதியைக் கேட்டு, நல்ல பெயரை நம்பிப் பணம் போட்டவனைத்தான் இந்தக் கூட்டம் குறிவைக்கிறது. நம்முடைய முன்யோசனையையே நமக்கு எதிரான கத்தியாகத் திருப்பிப் பிடிப்பதுதான் இந்த மோசடியின் கொடுமை.

வேடம் போடும் விதம்

இதன் நடைமுறையைத் தெரிந்துகொண்டால் பாதி பயம் தீரும். முதலில், செக்யூரிட்டீஸ் கமிஷனிடம் லைசென்ஸ் பெற்ற ஓர் உண்மையான நிறுவனத்தின் பெயர், சின்னம், லைசென்ஸ் எண், அலுவலக முகவரி, அதிகாரிகளின் படம் எல்லாவற்றையும் அப்படியே நகல் எடுத்துக்கொள்கிறார்கள். அந்தப் பெயரில் பேஸ்புக்கில் விளம்பரம் போடுகிறார்கள். டெலிகிராமிலும் வாட்ஸ்அப்பிலும் குழு அமைக்கிறார்கள். தலைவர்களும் பிரமுகர்களும் தாமே பேசி ஆதரிப்பதுபோல் பொய்ப் படக்காட்சிகளையும் இயந்திர மூளையைக் கொண்டு செய்துவிடுகிறார்கள்.

குழுவுக்குள் நுழைந்ததும், "எனக்குப் பணம் வந்துவிட்டது, நன்றி ஐயா" என்று பத்துப் பேர் எழுதுவார்கள். வங்கி ரசீதின் படமும் காட்டுவார்கள். அந்தப் பத்துப் பேரில் பெரும்பாலோர் மோசடிக்காரனின் ஆட்களே. பிறகு ஒருவர் தனியாகப் பேசுவார். மரியாதையாகப் பேசுவார், நம் வீட்டுப் பிள்ளைகளின் படிப்பைக்கூட விசாரிப்பார். 300 வெள்ளி போட்டால் சில மணி நேரத்தில் 3,000 என்பார். நம்மை இழுப்பதற்காக முதல் தடவை 50 வெள்ளியோ 100 வெள்ளியோ உண்மையாகவே திருப்பித் தருவதும் உண்டு. தூண்டிலில் புழு வைக்காமல் யார் மீன் பிடிப்பார்?

அதன்பின் திரையில் இலாபம் வளர்ந்துகொண்டே போகும். எடுக்கப் போனால்தான் கதை தெரியும். "பணம் தயாராக இருக்கிறது, 500 வெள்ளி நடைமுறைக் கட்டணம் கட்டுங்கள்" என்பார்கள். கட்டினால், வரி என்று 1,000 வெள்ளி. அதையும் கட்டினால், கணக்கு முடக்கப்பட்டுவிட்டது, திறக்க இன்னொரு தொகை. போட்டது போய்விடுமே என்ற பயத்தில் தாலிக்கொடியை அடகு வைத்துக் கட்டுகிறவர்கள் இருக்கிறார்கள். இந்த இடத்தில் ஒரே ஒரு கேள்வியைக் கேட்டுப் பாருங்கள்: என் பெயரில் 3,000 வெள்ளி உண்மையிலேயே இருந்தால், உங்கள் கட்டணத்தை அதிலேயே கழித்துக்கொண்டு மீதியைத் தரலாமே? இதற்கு அவர்களிடம் நேரான பதில் கிடையாது. ஏனென்றால் அந்த 3,000 வெள்ளி எங்கும் இல்லை. திரையில் தெரிந்தது எண்தான்; பணம் அல்ல.

கூலிக்கணக்கில் பார்ப்போம்

குறைந்தபட்ச மாதச் சம்பளம் 2025 பிப்ரவரி முதல் 1,700 வெள்ளி. மாதம் 26 நாள் வேலை என்று வகுத்தால் நாளொன்றுக்கு ஏறத்தாழ 65 வெள்ளி. ஆக, "கட்டணம்" என்று கேட்கும் அந்த 500 வெள்ளி, விடியுமுன் எழுந்து, கொசுக்கடியில் நிரை பிடித்து, மரத்துக்கு மரம் ஓடிப் பால் வெட்டிய ஏறக்குறைய எட்டு நாள் உழைப்பு. மழை பெய்து வெட்டு நின்றுபோன மாதத்தில் அதன் பாரம் இன்னும் அதிகம்.

இலாபக் கணக்கையும் பார்த்துவிடுவோம். வாரம் நூற்றுக்குப் பத்து என்கிறான். கேட்பதற்குச் சிறிய எண்தான். ஆனால் 1,000 வெள்ளியை வாரம் நூற்றுக்குப் பத்து வீதம் வட்டிக்கு வட்டியாக வளரவிட்டால், 52 வாரத்தில் அது 1,42,000 வெள்ளியைத் தொட்டுவிடும். அப்படி ஒரு தொழில் உலகத்தில் இருந்தால், அதன் சொந்தக்காரன் எதற்காக ஒரு பால்வெட்டுத் தொழிலாளியிடம் வந்து 300 வெள்ளி கேட்கிறான்? பென்னம்பெரிய முதலும் நிபுணர்களும் கொண்ட நம் ஊழியர் சேமநிதி 2024ஆம் ஆண்டுக்குக் கொடுத்த வழக்கமுறை இலாப ஈவு நூற்றுக்கு 6.30. அதாவது 1,000 வெள்ளிக்கு ஓராண்டு முழுவதும் 63 வெள்ளி. நியாயமான பணம் இந்த வேகத்தில்தான் வளரும் என்பதை மனத்தில் எழுதி வைத்துக்கொள்வோம்.

சேமநிதியைப் பற்றி இங்கே ஒரு வார்த்தை சொல்லியாக வேண்டும். 55 வயதில் முழுத்தொகையும் கைக்கு வருகிறது. 2024 மே முதல், மாதந்தோறும் சேரும் சந்தாவில் நூற்றுக்குப் பத்துப் பங்கு, எப்போது வேண்டுமானாலும் எடுக்கக்கூடிய தனிக்கணக்கில் விழுகிறது. அவசரத்துக்கு உதவும் நல்ல ஏற்பாடு அது. ஆனால் அந்தப் பணத்தின்மேல்தான் இந்தக் கழுகுகளின் கண். "சேமநிதிப் பணத்தை எடுத்து எங்களிடம் கொடுங்கள், சேமநிதியின் அங்கீகாரம் பெற்ற திட்டம்" என்று ஒருவன் சொன்னால், அவன் பொய் சொல்கிறான். அங்கீகாரம் பெற்ற முதலீட்டுத் திட்டத்தில், பணம் சேமநிதியிலிருந்து நேரே அந்த நிதி நிறுவனத்துக்குப் போகும். உறுப்பினர் எடுத்து இன்னொருவர் கையில் கொடுக்கும் வழக்கமே கிடையாது.

லைசென்ஸ் காகிதத்தின் கதை

"லைசென்ஸ் எண்ணைக் காட்டினாரே" என்று சிலர் கேட்கிறார்கள். நம் சமூகத்துக்கு இது புதிதல்ல. நம் முன்னோரைக் கப்பலேற்றிவிட ஊருக்கு வந்த கங்காணியின் கையிலும் லைசென்ஸ் இருந்தது. காகிதம் உண்மையானதுதான், அவர் சொன்ன வார்த்தைக்கும் இங்கே வந்து கண்ட வாழ்வுக்கும்தான் தூரம். இன்றைய மோசடிக்காரன் அதையும் தாண்டிவிட்டான். காகிதமே இன்னொருவருடையது. ஆகவே காகிதத்தைப் பார்ப்பதோடு நில்லாமல், பணம் யார் கைக்குப் போகிறது என்று பார்க்க வேண்டும்.

பெயரையும் சின்னத்தையும் லைசென்ஸ் எண்ணையும் திருடிவிடலாம். ஆனால் உண்மையான நிறுவனத்தின் வங்கிக் கணக்கைத் திருட அவனால் முடியாது. அதனால்தான் "இந்தக் கணக்கில் போடுங்கள்" என்று கொடுக்கும் எண் ஒரு தனி ஆளின் பெயரிலோ, சம்பந்தமே இல்லாத ஒரு சென்டிரியான் பெர்ஹாட் கம்பெனியின் பெயரிலோ இருக்கிறது. விளம்பரத்தில் ஒரு பெயர், வங்கிக் கணக்கில் வேறு பெயர் என்றால் அங்கேயே நிறுத்திவிடுங்கள். மேற்கொண்டு ஒரு காசும் அனுப்பக்கூடாது.

சோதிக்க வழி உண்டு. அவன் கொடுத்த தொலைபேசி எண்ணில் கேட்டால் அவனே பதில் சொல்வான். அவன் அனுப்பிய இணைப்பைத் தொட்டால் அவன் கட்டிய பொய் வீட்டுக்குள்தான் போவோம். செக்யூரிட்டீஸ் கமிஷனின் லைசென்ஸ் பதிவேட்டை நாமே தேடித் திறந்து, அங்குள்ள எண்ணில் உண்மையான நிறுவனத்தைக் கூப்பிட்டு, "இந்தத் திட்டம் உங்களுடையதுதானா?" என்று கேட்க வேண்டும். கமிஷனும் பேங்க் நெகாராவும் எச்சரிக்கைப் பட்டியல்கள் வெளியிடுகின்றன. ஆனால் பட்டியலில் பெயர் இல்லை என்பதால் நல்லவன் என்று முடிவு கட்டிவிடக்கூடாது. நேற்றுப் பிறந்த மோசடி நாளைக்குத்தான் பட்டியலில் ஏறும். போலீசாரின் செமாக் மியூல் என்ற சேவையில் வங்கிக் கணக்கு எண்ணைத் தட்டினால், அதன்மேல் ஏற்கெனவே புகார் இருந்தால் தெரிந்துவிடும். கிராணிமாரும், படித்த பிள்ளைகளும் இதைச் செய்து கொடுக்கக் கால்மணி நேரம் போதும்.

பணம் போய்விட்டால்

போன பணம் ஒரு கணக்கில் தங்காது. அங்கிருந்து இன்னொன்றுக்கு, அதிலிருந்து வேறொன்றுக்கு என்று ஓடிக்கொண்டே இருக்கும். ஆகவே தாமதம்தான் மோசடிக்காரனின் நண்பன். தெரிந்த அந்த நிமிடமே வங்கியின் அவசர எண்ணையோ, 2022இல் தொடங்கப்பட்ட தேசிய மோசடி நடவடிக்கை மையத்தின் 997 என்ற எண்ணையோ கூப்பிட வேண்டும். பிறகு போலீஸ் புகார். அனுப்பிய ரசீது, பேசிய செய்தி, கணக்கு எண் ஆகியவற்றை வெட்கப்பட்டு அழித்துவிடாதீர்கள், அவைதான் சாட்சி. சில நாள் கழித்து, "இழந்த பணத்தை மீட்டுத் தருகிறேன், கட்டணம் கொடு" என்று வழக்கறிஞர் பெயரிலோ அதிகாரி பெயரிலோ இன்னொருவன் வருவான். அவனும் அதே கூட்டம்தான்.

இளைஞர்களுக்கு ஒரு கடும் எச்சரிக்கை. சில நூறு வெள்ளிக்காக ஏ.டி.எம். கார்டையும் வங்கிக் கணக்கையும் பிறருக்கு "வாடகைக்கு" விடுகிறவர்கள் இருக்கிறார்கள். மோசடிப் பணம் ஓடும் வாய்க்கால் அதுதான். ஏமாற்றுக் குற்றத்துக்குத் தண்டனைச் சட்டம் 420ஆம் பிரிவு ஓராண்டு முதல் பத்தாண்டு வரை சிறையும் பிரம்படியும் விதிக்கிறது. 2024இல் சேர்க்கப்பட்ட புதிய பிரிவுகள், கணக்கைப் பிறர் கையில் கொடுப்பதையே குற்றமாக்கியுள்ளன. பெரிய முதலை கடல் கடந்து எங்கோ உட்கார்ந்திருக்கும். கோர்ட்டில் நிற்பவன் நம் லயத்துப் பையனாக இருப்பான்.

நமது கோரிக்கை

தொழிலாளி விழிப்பாக இருக்கவேண்டும் என்று சொல்லிவிட்டு மற்றவர்கள் கைகழுவிக்கொள்ள நாம் இடம் கொடுக்க மாட்டோம். லைசென்ஸ் இல்லாமல் முதலீட்டுத் தொழில் நடத்துகிறவனுக்கு 2007ஆம் ஆண்டு மூலதனச் சந்தைச் சட்டம் 1 கோடி வெள்ளி வரை அபராதமும் பத்தாண்டு வரை சிறையும் வைத்திருக்கிறது. சட்டம் பலமானது, பிடிபடுகிறவன்தான் அரிது. பொய் விளம்பரத்துக்குக் காசு வாங்கிப் போடும் சமூக ஊடக நிறுவனங்கள், விளம்பரம் கொடுப்பவன் யார் என்று விசாரிக்கக் கடமைப்பட்டவர்கள். தன் பெயர் திருடப்பட்ட நிறுவனமும் "அது நாங்கள் அல்ல" என்று ஒரு மூலையில் அறிவித்துவிட்டுச் சும்மா இருக்கலாகாது. அந்தப் பெயரை நம்பித்தானே மக்கள் பணம் போட்டார்கள்?

அண்டையில் சிங்கப்பூரில் 2025 ஜூலை முதல் நடப்புக்கு வந்த சட்டம் ஒன்று, மோசடிக்காரனுக்குப் பணம் அனுப்பியே தீருவேன் என்று நிற்பவரின் வங்கிப் பட்டுவாடாவைத் தற்காலிகமாகத் தடுத்து வைக்கப் போலீசுக்கு அதிகாரம் தருகிறது. இங்கேயும் அதுபோன்ற ஏற்பாட்டை ஆராயவேண்டும். எச்சரிக்கைகள் யாவும் தோட்டந்தோறும் தமிழிலும் வரவேண்டும். ஓய்வு பெறும் தொழிலாளிக்குச் சேமநிதி கைக்கு வரும் நாளிலேயே, வங்கி முகப்பில் அவர் மொழியில் ஒருவர் உட்கார்ந்து விளக்கவேண்டும்.

நமக்கும் கடமை உண்டு. 1960இல் தோட்டங்கள் துண்டுபோட்டு விற்கப்பட்டு நம் மக்கள் நடுத்தெருவுக்கு வரவிருந்தபோது, துன் சம்பந்தன் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். 100 வெள்ளிப் பங்கை, பத்துப் பத்து வெள்ளியாகப் பாட்டாளிகள் கட்டினார்கள். பணம் கேட்டவர் தோட்டத்துக்கு நேரே வந்தார், முகம் தெரிந்தது, ரசீது இருந்தது, கேள்வி கேட்கப் பொதுக்கூட்டம் இருந்தது, வாங்கிய தோட்டத்தைக் கண்ணால் பார்க்க முடிந்தது. மூன்று மணி நேரத்தில் பத்து மடங்கு என்று யாரும் சொல்லவில்லை. பொதுப்பணம் கேட்கிறவனுக்கு நாம் வைக்கவேண்டிய பரீட்சை இதுதான்: முகம் எங்கே, ரசீது எங்கே, கணக்கு யார் பெயரில், கேள்வி கேட்க இடம் எங்கே?

ஏமாந்தவர் வெட்கப்பட்டு வாயை மூடிக்கொண்டால், அதே குழு அடுத்த லயத்தில் நாளைக்கே வலை வீசும். அவர் வாய் திறந்தால் பத்துக் குடும்பம் தப்பும். ஆகவே அவரைக் கேலி செய்யாதீர்கள், கிளைக்கூட்டத்தில் பேசவிடுங்கள். கிளைக் காரியதரிசிகள் சம்பளநாளுக்கு முன்னதாக இதை ஒரு பொருளாக எடுத்துப் பேசவேண்டும். எவரும் முதலீடு என்று பணம் அனுப்புமுன் ஒரு நாள் பொறுத்து, கிராணியாரிடமோ சங்கத்திலோ ஒரு வார்த்தை கேட்டுக்கொள்வது வழக்கமாக வேண்டும். "இன்றைக்குள் போடாவிட்டால் வாய்ப்புப் போய்விடும்" என்பவனிடம், "போகட்டும், என் காசு என்னிடம் இருக்கட்டும்" என்று சொல்லிவிட்டு மறுநாள் பெரட்டுக்கு நிம்மதியாகப் போகலாம்.